கெமிக்கல் துறை வளர்கிறது, என் பங்கு மட்டும் ஏன் பாதியானது?

கேள்வி: நான் கடலூர் மாவட்டத்துக்காரன், அரசுப் பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன். சிப்காட் பக்கம் வளர்ந்ததால் கெமிக்கல் என்றால் எங்களுக்கு முதலில் மூக்குதான் ஞாபகத்துக்கு வரும். ஓய்வு பெற்றபோது வந்த பணத்தில் 6 லட்சத்தை 2021 செப்டம்பர், அக்டோபரில் மூன்று கெமிக்கல் கம்பெனிப் பங்குகளில் போட்டேன். சீனா இனி எழாது, எல்லா ஆர்டரும் இந்தியாவுக்குத்தான் என்று அப்போது எல்லோரும் சொன்னார்கள். இன்று அதன் மதிப்பு 3,40,000. இந்திய ரசாயனத் துறை உலகில் ஆறாவது, ஆசியாவில் மூன்றாவது, உற்பத்தி வளர்ந்துகொண்டே இருக்கிறது என்று இப்போதும் படிக்கிறேன். பிறகு என் பணம் எங்கே போனது? மருமகன் இன்னும் 2 லட்சம் போட்டுச் சராசரி செய்யச் சொல்கிறார். அடுத்த வருடம் மனைவிக்கு மூட்டு மாற்று அறுவை சிகிச்சை இருக்கிறது, அதற்கு இரண்டரை லட்சமாவது வேண்டும். விற்கலாமா, வைத்திருக்கலாமா?

பதில்: வணக்கம் சார். நீங்கள் எழுதியிருந்த மூன்று கம்பெனிப் பெயர்களை எடுத்துவிட்டுத்தான் கடிதத்தைப் போட்டிருக்கிறேன். பெயரைச் சொல்லி இதை வாங்கு, அதை விற்றுவிடு என்று எழுத எனக்கு உரிமம் கிடையாது. நான் காஸ்ட் அக்கவுண்டன்ட். மணலியில் 11 வருடம், அப்புறம் குஜராத்தில் வாபி, அங்கலேஷ்வர் பக்கம் 14 வருடம் பர்ச்சேஸிலும் காஸ்டிங்கிலும் உட்கார்ந்திருந்தவன். எந்த டேங்கரில் எவ்வளவு லாபம் ஏறுகிறது, எங்கே ஒழுகுகிறது என்பது தெரியும். அதை வைத்துச் சொல்கிறேன், முடிவு உங்களுடையது.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். பேப்பரில் நீங்கள் படித்ததில் பொய் இல்லை. துறையின் அளவு ஏறக்குறைய 220 பில்லியன் டாலர், உலகில் ஆறாவது இடம், ஆசியாவில் சீனாவுக்கும் ஜப்பானுக்கும் அடுத்தது. ஆனால் ஆறாவது இடம் என்று கேட்டதும் ஏதோ பந்தயத்தில் கொஞ்சம் பின்தங்கி ஓடுகிற மாதிரி ஒரு படம் மனதில் வரும், அந்தப் படம்தான் தப்பு. உலக ரசாயன விற்பனையில் ஐந்தில் இரண்டு பங்குக்கு மேல் சீனா ஒன்றிடமே இருக்கிறது, நம் பங்கு மூன்று மூன்றரை சதவீதம். கல்யாண வீட்டில் ஆறாவது பந்தியில் உட்காருகிறவனுக்கும் இலை போடுவார்கள், ஆனால் என்ன பரிமாற வேண்டும் என்பதை அவனா முடிவு செய்கிறான்? விலையை முடிவு செய்வது சீனா. நாம் அந்த விலைக்குள் பிழைக்கிறோம். இதோடு இன்னொரு எண்ணையும் சேர்த்துக்கொள்ளுங்கள்: நிதி ஆயோக் 2025 ஜூலையில் வெளியிட்ட அறிக்கைப்படி 2023-இல் ரசாயன வர்த்தகத்தில் நமக்கு 31 பில்லியன் டாலர் பற்றாக்குறை. விற்றதைவிட வாங்கியது அவ்வளவு அதிகம்.

இனி உங்கள் பணம் எங்கே போனது என்பதைப் பார்ப்போம். நீங்கள் கணக்கு வாத்தியாரா, தமிழ் வாத்தியாரா என்று எழுதவில்லை, எதுவாக இருந்தாலும் பரவாயில்லை, ஐந்தாம் வகுப்புக் கணக்குதான்.

ஒரு கம்பெனி ஒரு பொருளைக் கிலோ 500 ரூபாய்க்கு விற்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். மூலப்பொருள் 300. கரண்ட், நீராவி, சம்பளம், கழிவுநீர் சுத்திகரிப்பு, வட்டி எல்லாம் சேர்ந்து 120. மிச்சம் 80. இதுதான் 2021. பிறகு சீனச் சரக்கு வந்து விலை 400 ஆகிறது. மூலப்பொருளும் கூடவே இறங்குகிறது, 230-க்கு வந்துவிடுகிறது. இறங்காமல் நிற்பது நடுவில் உள்ள 120 மட்டும். கரண்ட் பில் சீனாவைப் பார்த்துக் குறையாது, ஷிப்ட் ஆளுக்குப் பாதிச் சம்பளம் கொடுக்க முடியாது. ஆக மிச்சம் 50. கம்பெனி விடாமல் ஓடி, முன்பு 100 கிலோ விற்ற இடத்தில் 110 கிலோ விற்கிறது. அப்போது 8,000 ரூபாய் லாபம், இப்போது 5,500. உற்பத்தி 10 சதவீதம் கூடியது என்று செய்தி வரும், அது உண்மை. லாபம் மூன்றில் ஒரு பங்கு போயிற்று, அதுவும் உண்மை. விற்ற விலைக்கும் மூலப்பொருள் விலைக்கும் உள்ள இடைவெளியை எங்கள் தொழிலில் ஸ்பிரெட் என்போம், இங்கே அது 200-லிருந்து 170 ஆகிவிட்டது. டன்னைப் பார்த்துச் சந்தோஷப்படுகிறவர் மார்க்கெட்டிங்காரர், ஸ்பிரெட்டைப் பார்த்துத் தூக்கம் கெடுகிறவர் காஸ்டிங்காரர்.

இதற்கு மேல் இன்னொரு படி இருக்கிறது, உங்கள் பணம் அதிகமாகப் போனது அங்கேதான். 2021-இல் ஸ்பெஷாலிட்டி கெமிக்கல் என்று போர்டு மாட்டிய கம்பெனிகள் பலவற்றுக்கு வருட லாபத்தைப் போல 60, 70 மடங்கு விலை கொடுத்து வாங்கினார்கள். பங்குக்கு 8 ரூபாய் லாபம், 60 மடங்கு, 480 ரூபாய். இன்று லாபம் ஐந்தரை ரூபாய், சந்தை கொடுக்கிற மடங்கும் 40-க்கு இறங்கிவிட்டது, 220 ரூபாய். பாருங்கள், லாபமும் பாதியாகவில்லை, மடங்கும் பாதியாகவில்லை. இரண்டும் ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு குறைந்தன, பெருக்கிப் பார்த்தால் இந்த உதாரணப் பங்கு பாதிக்கும் கீழே. தொழிற்சாலை அங்கேயேதான் நிற்கிறது சார், புகைபோக்கியில் புகை வருகிறது, வேலைக்கு ஆள் போகிறான் வருகிறான். நீங்கள் வாங்கிய விலையில் அடுத்த பத்து வருடத்து நல்ல செய்தியையும் சேர்த்துப் பில் போட்டிருந்தார்கள்.

இதில் உங்களைக் குறை சொல்லும் தகுதி எனக்கு இல்லை. 2008 ஜூலையில் கச்சா எண்ணெய் பேரல் 147 டாலரைத் தொட்டது. அப்போது நான் இருந்த கம்பெனியில் (பெயர் வேண்டாம்) கச்சா எண்ணெயிலிருந்து வரும் பென்சீனை வாங்குவது என் வேலை. முதலாளி கூப்பிட்டு, இன்னும் ஏறும் என்கிறார்கள், 45 நாள் சரக்கு வாங்கிப் போட்டுவிடு என்றார். எனக்கும் உள்ளுக்குள் அதே எண்ணம்தான், இல்லையென்று சொல்லமாட்டேன். டேங்க் நிறைய வாங்கினோம். தீபாவளிக்குள் எல்லாம் சரிந்தது, டிசம்பரில் கச்சா 40 டாலருக்கும் கீழ். டேங்கில் இருந்த சரக்கின் சந்தை விலை நான் கொடுத்ததில் பாதிகூட இல்லை. தினமும் காலையில் ஷிப்ட் ஆபரேட்டர் டிப் அளந்து ரிஜிஸ்டரில் எழுதுவார், அந்த மட்டம் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் இறங்கும், அந்த ரிஜிஸ்டரைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிற்றைப் பிசையும். பக்கத்து ஆலைக்காரன் புது விலையில் பென்சீன் வாங்கிப் புது விலையில் விற்கிறான், நாங்கள் பழைய விலையில் வாங்கியதைப் புது விலையில் விற்க வேண்டும். பென்சீன் கெட்டுப்போகவில்லை, வாங்கிய நாள்தான் கெட்ட நாள்.

சரி, 2021-இல் அப்படி என்ன நடந்தது என்று எல்லோரும் அவ்வளவு நம்பினார்கள்? காரணம் இருந்தது. 2019 மார்ச்சில் சீனாவின் ஜியாங்சு மாகாணத்தில் ஒரு ரசாயன ஆலை வெடித்து 78 பேர் இறந்தார்கள். அதற்கு முன்பே சுற்றுச்சூழல் கெடுபிடி ஆரம்பித்திருந்தது, அதன் பிறகு அந்த மாகாணத்தில் ஏகப்பட்ட யூனிட்டுகளை மூடினார்கள். சாய இடைப்பொருள், பூச்சிமருந்து இடைப்பொருள் (கடைசிச் சரக்கு ஆவதற்கு முந்தின படியில் உள்ள ரசாயனம்) எல்லாவற்றுக்கும் தட்டுப்பாடு. அடுத்த வருடம் கொரோனா, அப்புறம் கன்டெய்னர் கிடைக்காமல் சரக்குக் கட்டணம் பல மடங்கு. ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் வாங்குகிறவர்கள் பயந்து, சீனாவோடு இன்னொரு நாடும் கையில் இருக்கட்டும் என்று இங்கே வந்தார்கள். சைனா பிளஸ் ஒன் என்று பேச்சு கிளம்பியது அப்படித்தான்.

ஆனால் அந்த ஆர்டரில் பாதி தேவை, பாதி பயம். முதல் ஊரடங்கு அறிவித்த அன்று உங்கள் தெரு மளிகைக் கடையில் என்ன நடந்தது? வாரம் ஐந்து கிலோ வாங்குகிறவர் இருபத்தைந்து கிலோ மூட்டையாகத் தூக்கிக்கொண்டு போனார். கடைக்காரர் அன்றைய விற்பனையை வருடத்துக்கும் பெருக்கிக் கணக்குப் போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? நம் கம்பெனிகள் அதைத்தான் செய்தன. பிரேசிலிலும் ஐரோப்பாவிலும் பூச்சிமருந்து டீலர்களின் குடோன் நிறையச் சரக்கு, 2023-இல் அதைத் தீர்க்கும்வரை புதிதாக வாங்கவே இல்லை. அதற்குள் சீனா திரும்பி வந்துவிட்டது. வந்தது சும்மா இல்லை, புது ஆலைகளோடு வந்தது. அங்கே வீடு கட்டுகிற தொழில் 2021-க்குப் பிறகு படுத்துவிட்டதால் பைப்புக்கும் ஜன்னலுக்கும் கண்ணாடிக்கும் உள்ளூரில் ஆள் இல்லை. அந்தச் சரக்கெல்லாம் கப்பலேறியது.

நம் கம்பெனிகள் செய்த இன்னொரு காரியம், நல்ல லாபம் வந்த இரண்டு வருடத்தைப் பார்த்து, கடன் வாங்கிப் புது பிளான்ட் போட்டது. கெமிக்கல் பிளான்ட் கட்டி முடிக்க, சுற்றுச்சூழல் அனுமதியோடு சேர்த்து, மூன்று வருடம் சாதாரணமாக ஓடிவிடும். 2021-இல் தேங்காய் உடைத்தது 2024-இல் உற்பத்திக்கு வந்தது, வந்தபோது விலை தரையில். வட்டியும் தேய்மானமும் மட்டும் சரியான தேதிக்கு வந்துவிட்டன. உங்கள் மூன்றாவது கம்பெனி இந்த ரகம், கீழே வருகிறேன்.

முதல் கம்பெனி காஸ்டிக் சோடா தயாரிக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். இதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். இந்திய ரசாயனத் துறையின் ஜாதகம் முழுவதும் இந்த ஒரு பொருளில் இருக்கிறது.

காஸ்டிக் என்பது உப்புத் தண்ணீரில் கரண்ட் பாய்ச்சி எடுப்பது. உப்பு நம்மிடம் வேண்டிய மட்டும் இருக்கிறது, தூத்துக்குடிப் பக்கம் போனால் அம்பாரம் அம்பாரமாகப் பார்க்கலாம். ஒரு டன் எடுக்க ஏறக்குறைய 2,500 யூனிட் கரண்ட் ஆகும், ஒரு சாதாரண வீடு ஒரு வருடம் ஓட்டுகிற கரண்ட். ஆக, காஸ்டிக் கம்பெனி என்பது பாதிக்கு மேல் கரண்டை மூட்டை கட்டி விற்கிற கம்பெனி. அப்புறம் ஒரு தலைவலி உண்டு. ஒரு டன் காஸ்டிக் எடுத்தால் வேண்டாம் என்றாலும் கூடவே 880 கிலோ குளோரின் வரும். குளோரினை மாதக்கணக்கில் சேர்த்து வைக்க முடியாது, விஷவாயு. எடுக்க ஆள் இல்லையென்றால் காஸ்டிக் ஆலையையே நிறுத்த வேண்டும். அதனால் இந்தியாவில் பல மாதங்கள் குளோரினுக்கு விலை மைனஸில் போகும். ஆமாம் சார், மைனஸ். பொருளையும் கொடுத்து, எடுத்துப் போகிற பார்ட்டிக்குக் கையில் பணமும் கொடுப்போம். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அந்த டெபிட் நோட்டைப் பார்த்து, டைப் அடித்தவர் தப்பாக அடித்துவிட்டார் என்று திருத்தப் போனவன் நான்.

இப்போது வேடிக்கை. பிவிசி பைப் இருக்கிறதே, உங்கள் வீட்டு போர்வெல்லில் இறக்கியிருப்பீர்களே, அதன் எடையில் 57 சதவீதம் குளோரின். உலகத்திலேயே பிவிசியை அதிகமாக இறக்குமதி செய்கிற நாடு இந்தியா, நம் தேவையில் பாதிக்கு மேல் வெளிநாட்டிலிருந்து வருகிறது. ஒரு பக்கம் குளோரினைப் பணம் கொடுத்துத் தள்ளிவிடுகிறோம், மறுபக்கம் குளோரினால் ஆன பொருளைப் பணம் கொடுத்து இறக்குகிறோம். ஏன்? குளோரினோடு சேர்க்க எத்திலீன் என்ற வாயு வேண்டும். அதற்குப் பெரிய பெட்ரோகெமிக்கல் ஆலை வேண்டும், மலிவான நாப்தாவோ (கச்சா எண்ணெயிலிருந்து பிரித்தெடுப்பது) எரிவாயுவோ வேண்டும். கச்சா எண்ணெயில் 85 சதவீதத்துக்கு மேல் நாம் இறக்குமதி. உங்கள் கடலூரிலேயே பாருங்கள், பிவிசி ஆலைக்கு வேண்டிய விசிஎம் என்ற மூலப்பொருள் கப்பலில் வந்து கடலோரம் இறங்குகிறது. சீனாக்காரன் எண்ணெய் இல்லாவிட்டால் என்ன என்று நிலக்கரியிலிருந்தே கார்பைடு வழியாகப் பிவிசி செய்கிறான், நிலக்கரி அவன் வீட்டுப் பின்னாலேயே கிடக்கிறது.

காஸ்டிக்கும் பிவிசியும் மட்டும் இல்லை, மெத்தனாலில் சுமார் 90 சதவீதம் இறக்குமதி, அசிட்டிக் அமிலத்திலும் பெரும்பகுதி வெளியிலிருந்துதான். நாம் கெட்டிக்காரர்களாக இருப்பது கடைசி நாலு படியில். வந்த இடைப்பொருளை எடுத்து, கஷ்டமான ரியாக்‌ஷன் செய்து, மருந்தாகவோ பூச்சிமருந்தாகவோ சாயமாகவோ ஆக்குவது. 1970 காப்புரிமைச் சட்டம் மருந்துக்கும் வேளாண் ரசாயனத்துக்கும் செய்முறைக்கு மட்டும் காப்புரிமை என்று வைத்ததால், அதே பொருளை வேறு வழியில் செய்வதில் நம் ஆட்கள் கை தேர்ந்துவிட்டார்கள். வாபியில் ஒரு சின்ன ஷெட்டுக்குள் நாலு ரியாக்டரை வைத்துக்கொண்டு சமாளிக்கிறவர்களைப் பார்த்து நான் பிரமித்திருக்கிறேன். ஆனால் முதல் படி இன்னொருவன் கையில் இருக்கும்வரை, ஸ்பிரெட்டின் இரண்டு முனையும் அவன் கையில்தான். ஆராய்ச்சிக்கு நாம் ஒதுக்குவது 0.7 சதவீதம், உலக சராசரி 2.3 என்று அதே நிதி ஆயோக் அறிக்கை சொல்கிறது. கம்பெனி நடத்துகிறவர்களிடம் இதைச் சொன்னால் சிரித்துக்கொண்டே டீ வாங்கிக் கொடுப்பார்கள்.

அரசாங்கம் வரி போட்டுக் காப்பாற்றாதா என்று மருமகன் கேட்பார். கொஞ்சம் காப்பாற்றும். 2024 டிசம்பர் கடைசியில் சோடா ஆஷுக்கு டன் 20,108 ரூபாய்க்குக் கீழே இறக்குமதி கூடாது என்று ஆணை போட்டார்கள். வெளிநாட்டுக்காரன் அடிமாட்டு விலைக்குக் கொண்டுவந்து கொட்டுகிற சரக்குக்குப் பொருள் குவிப்பு எதிர்ப்பு வரியும் அவ்வப்போது வரும், வழக்கமாக ஐந்து வருடத்துக்கு. ஆனால் கெமிக்கலில் ஒருவன் விற்கிற சரக்கு அடுத்தவனுக்கு மூலப்பொருள். சோடா ஆஷ் விலையைத் தூக்கினால் கண்ணாடிக்காரரும் சோப்புத்தூள்காரரும் டில்லிக்கு ஓடுவார்கள். பிவிசிக்குத் தரக் கட்டுப்பாட்டு ஆணை என்று ஆரம்பித்துத் தேதி எத்தனை முறை தள்ளிப்போயிற்று என்பது பைப் வியாபாரிகளுக்குத் தெரியும். அரசாணையை நம்பி லாபம் எதிர்பார்க்கிற கம்பெனியில், அந்த ஆணையின் காலாவதித் தேதி உங்கள் பங்கின் காலாவதித் தேதி மாதிரி. இதற்கு நடுவில் 2025 ஆகஸ்டில் அமெரிக்கா நம் சரக்குக்கு 50 சதவீதம் வரை வரியை ஏற்றியது வேறு. ஆர்டர் கையில் இருந்தவர்களும் அப்போது ஷிப்மென்ட்டை நிறுத்திவைத்துக் காத்திருந்தார்கள்.

இனி உங்கள் மூன்றும்.

எல்லாவற்றுக்கும் முன்னால் அறுவை சிகிச்சைப் பணம். ஒரு வருடத்தில் வேண்டிய பணத்துக்குப் பங்குச் சந்தையில் வேலை இல்லை. இரண்டரை லட்சத்தை இப்போதே வெளியே எடுத்து பேங்கில் வையுங்கள். நஷ்டத்தில் விற்கிறோமே என்று மனம் கேட்காது, எனக்குத் தெரியும், ஆனால் உங்கள் மனைவியின் மூட்டு சீன பிவிசி விலைக்காகக் காத்திருக்காது. நஷ்டத்தில் விற்றாலும் ஒரு சின்ன ஆறுதல் உண்டு. ஒரு வருடத்துக்கு மேல் வைத்திருந்த பங்கு என்பதால் இது நீண்டகால மூலதன நஷ்டம். வருமான வரிக் கணக்கைக் கெடு தேதிக்குள் தாக்கல் செய்தால் எட்டு வருடம் வரை வைத்திருந்து, வேறு பங்கிலோ மனையிலோ வரும் நீண்டகால லாபத்தில் கழித்துக்கொள்ளலாம். தேதி தவறினால் அதுவும் போச்சு, ஆடிட்டரிடம் முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

எதை முதலில் விற்பது? மூன்று கம்பெனிகளின் கடைசி ஆண்டறிக்கையையும் இறக்கிக்கொள்ளுங்கள். முதல் நாற்பது ஐம்பது பக்கம் கலர் படமும் சேர்மன் உரையும், தாண்டிவிடுங்கள். நேரே ரொக்க ஓட்ட அறிக்கைக்குப் போங்கள், கேஷ் ஃபுளோ என்று போட்டிருக்கும். அதில் செயல்பாடுகளிலிருந்து வந்த ரொக்கம் என்று ஒரு வரி. மூன்று நாலு வருடத்து எண்களைக் கூட்டுங்கள். அதே வருடங்களின் நிகர லாபத்தையும் கூட்டுங்கள். லாபம் 100 கோடி, ரொக்கம் 40 கோடி என்றால் மீதி 60 கோடி எங்கே? குடோனில் விற்காத சரக்காகவோ, பணம் தராத பார்ட்டிகளிடமோ இருக்கிறது. கெமிக்கலில் விற்காத சரக்கு வயசாக ஆக விலை இறங்கும், என் பென்சீன் டேங்க் மாதிரி. அடுத்தது கடன். இப்போதைய லாபத்தில், வட்டி, வரி, தேய்மானத்துக்கு முன்னால் உள்ள எண்ணை எடுத்து, மொத்தக் கடனை அதனால் வகுங்கள். இரண்டுக்குள் இருந்தால் மூச்சு விடலாம். நாலைத் தாண்டினால் அந்தக் கம்பெனி பேங்குக்காக வேலை செய்கிறது, உங்களுக்காக இல்லை. நீங்கள் எழுதிய மூன்றாவது கம்பெனிக் கணக்கை நானும் புரட்டினேன். போட்டுப் பாருங்கள், நான் சொல்லாமலே தெரிந்துவிடும்.

இரண்டாவது, பூச்சிமருந்து இடைப்பொருள் ஏற்றுமதி செய்கிறது. அவர்கள் கடன் அதிகம் வாங்கவில்லை, டீலர் குடோன்கள் காலியானதும் ஆர்டர் திரும்பும் வகை. திரும்பும்போது பழைய விலை திரும்பும் என்று மட்டும் நினைக்காதீர்கள். டன் வரும், அந்த 80 ரூபாய் சீக்கிரம் வராது. அறுவை சிகிச்சைக்கு எடுத்ததுபோக மிச்சம் இருப்பதை இதில் விட்டுவைக்கலாம் என்பது என் எண்ணம்.

காஸ்டிக் கம்பெனியில் ஒரு சூட்சுமம் உண்டு, பங்குக் கடை ஆட்கள் இதைச் சொல்லித் தரமாட்டார்கள். இந்த மாதிரி ஏறி இறங்குகிற சரக்கில் பி.இ. விகிதம் (மேலே சொன்ன அந்த லாப மடங்கு) மிக மலிவாகத் தெரியும்போதுதான் வெளியேற வேண்டும். காஸ்டிக் விலை உச்சத்தில் இருக்கும்போது லாபம் குவியும், பங்கு விலையை அந்த லாபத்தால் வகுத்தால் ஏழு எட்டு மடங்கு என்று கொள்ளை மலிவாகத் தெரியும், எல்லோரும் ஓடிப்போய் வாங்குவார்கள், அடுத்த வருடம் லாபம் காணாமல் போகும். லாபமே இல்லாமல் விகிதம் பயமுறுத்துகிற நேரம் பெரும்பாலும் அடிமட்டத்துக்குப் பக்கம். அதனால் அறுவை சிகிச்சைப் பணத்துக்கு வேண்டியதற்கு மேல், இன்றைய மோசமான கணக்கைப் பார்த்து அதைப் பதறி விற்க வேண்டாம். விற்க வேண்டிய நாள் அது நல்லபடியாகச் செய்தியில் வருகிற நாள். அந்தக் கம்பெனி குளோரினை என்ன செய்கிறது என்று மட்டும் அறிக்கையில் தேடிப் பாருங்கள். தானே உள்ளே எதற்காவது பயன்படுத்தினால் நல்லது. எல்லாவற்றையும் வெளியே தள்ளுகிறது என்றால் அந்த மைனஸ் விலை ஞாபகம் இருக்கட்டும். 2018-இல் தூத்துக்குடி தாமிர ஆலை மூடப்பட்டபோது (பதின்மூன்று உயிர் போன விஷயம், அதை நான் வெறும் விலைக் கணக்காகப் பேசவில்லை) கந்தக அமிலத்துக்குத் தெற்கே எல்லோரும் அலைந்தோம். அதுவும் துணைப்பொருள்தான். ஒருவனுக்குத் தலைவலியான துணைப்பொருள் இன்னொருவனுக்கு உயிர்நாடி. ஆண்டறிக்கையில் இதைத் தேடுகிறவர்கள் ரொம்பக் குறைவு.

மருமகன் சொல்கிற சராசரிக்கு வருகிறேன். 480-க்கு வாங்கியதை 220-க்கு இன்னொன்று வாங்கினால் சராசரி 350. எண் அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்த 350 உங்கள் நோட்டில் மட்டும்தான் இருக்கிறது, கம்பெனிக்கு அது தெரியாது. 220-க்கு அந்தப் பங்கை இன்று முதல் முறையாகப் பார்த்தால் வாங்குவீர்களா? ஆம் என்றால் வாங்குங்கள், இல்லையென்றால் சராசரி என்ற பேரில் வாங்காதீர்கள். அதுவும் ஓய்வூதியக்காரர், ஒரே துறையில் 8 லட்சம் வைக்கிற வயசு இல்லை. மருமகனிடம் இதை நீங்கள் நேரடியாகச் சொல்லச் சங்கடப்படுவீர்கள், தெரியும். இந்தப் பதிலை அப்படியே ஃபார்வேர்டு செய்துவிடுங்கள், கோபம் என்மேல் வரட்டும்.

கடைசியாக, 2040-இல் உலக ரசாயன மதிப்புச் சங்கிலியில் இந்தியாவின் பங்கு 12 சதவீதம் ஆகும் என்று அரசு அறிக்கை இலக்கு வைத்திருக்கிறது. ஆகலாம், ஆகிவிட்டால் நானும் சந்தோஷப்படுவேன். அதற்குப் பெட்ரோகெமிக்கல் ஆலைகள் வேண்டும், துறைமுகத்துக்குப் பக்கத்தில் டேங்குகள் வேண்டும், கழிவுநீரைக் கடலில் விடாமல் செலவு செய்து சுத்தம் செய்கிற மனசும் வேண்டும். சிப்காட் பக்கத்து ஆளிடம் இதை நான் சொல்ல வேண்டியதில்லை. எப்படியும் அது பதினைந்து வருடக் கதை, உங்களுக்கு வேண்டியது அடுத்த வருடத்துக்கு இரண்டரை லட்சம்.

ரொக்க ஓட்டக் கணக்கைப் போட்டதும் எழுதுங்கள். கூட்டலில் சந்தேகம் வந்தால் அந்தப் பக்கத்தை மட்டும் போட்டோ எடுத்து அனுப்பினால் போதும், முழு அறிக்கையும் அனுப்ப வேண்டாம், என் போனில் இடம் இல்லை.